மகாத்மாவைத் தேடி ஐம்பதினாயிரம் அடி

(சைதாப்பேட்டை வாசகசாலை ஒன்றின் ஆண்டுவிழாவில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



ஒருபுறம் மின்சார ரயிலின் சப்தமும் மறுபுறம் கடைவீதியின் இரைச்சலும் கேட்டுக்கொண்டே இருக்கும் இந்தச் சைதாப்பேட்டையில், மாலை வேளையில் வீட்டு வேலைகளை ஒதுக்கிவைத்துவிட்டு ஒரு சொற்பொழிவைக் கேட்பதற்கென்று இத்தனை பேர் வந்து அமர்ந்திருப்பதைக் காணும்போது எனக்கு மகிழ்ச்சியும், அதைவிடச் சற்று அதிகமாக அச்சமும் உண்டாகின்றன. நான் பேச எடுத்துக்கொண்ட விஷயம் சினிமாவைப் பற்றியது என்று அழைப்பிதழில் கண்டு, நட்சத்திரங்களைப் பற்றி ஏதேனும் சொல்வேன் என்று எவரேனும் வந்திருப்பாராயின் அவரிடம் இப்போதே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். என் தொழில் நட்சத்திரங்களுக்கு வெகு தூரத்தில் நடைபெறுவது.

தேச விடுதலையைப் பற்றியோ, ஒரு தலைவரின் வாழ்க்கையைப் பற்றியோ எடுக்கப்பட்ட படத்தை நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போது, வர்ணமும் வாத்தியமும் திடீரென்று நின்று, சாம்பல் நிறத்தில் நடுங்கியபடி ஒரு பழைய காட்சி சில விநாடிகள் ஓடுவதைக் கவனித்திருப்பீர்கள். அந்தச் சில விநாடிகளை டைரக்டர் எடுக்கவில்லை. அவருடைய பாட்டனார் காலத்தில், பெயர் தெரியாத யாரோ ஒருவர், வேறு ஏதோ காரியத்துக்காக எடுத்தது அது. அது இன்ன ஊரில், இன்னாருடைய அலமாரியில், இன்ன டப்பாவுக்குள் இருக்கிறது என்று கண்டுபிடித்து, அது மெய்யானதுதானா என்று பரீட்சித்து, உரிமையாளரைத் தேடிப் பிடித்து, விலை பேசி, பிரதி எடுத்துக்கொண்டு வந்து தருவதற்கென்று ஒருவர் இருக்கிறார். 'ஃபுட்டேஜ் பிடித்துத் தருபவர்' என்று படத்தொகுப்பு அறையில் அவரைச் சொல்வார்கள். அத்தகையவர்களில் நானும் ஒருவன்.

இந்தத் தொழிலுக்கு நம் தமிழ்நாட்டில் ஒரு மூலபுருஷர் உண்டு. செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911-ஆம் ஆண்டு பிறந்தவரும், 'உலகம் சுற்றிய தமிழர்' என்று பெயர் பெற்றவருமான ஏ. கே. செட்டியார் அவர்களைத்தான் சொல்கிறேன். பிரயாண நூல்களுக்காகவும், அவர் நடத்திய 'குமரி மலர்' பத்திரிகைக்காகவும் அவரை அறிந்தவர் பலர். ரங்கூனில் 'தனவணிகன்' ஆசிரியராக இருந்தவர் என்பதை அறிந்தவர் சிலர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலையை முறையாகப் பயின்றவர் என்பதை அறிந்தவர் அவர்களிலும் சிலர். 1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் தேதி, காந்தியடிகளின் ஜன்ம தினத்தன்று, நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குச் சென்றுகொண்டிருந்த 'ஸமாரியா' என்னும் கப்பலில், மகாத்மாவின் வாழ்க்கையை ஒரு முழுநீளச் செய்திப்படமாக ஆக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தாறு நிரம்பவில்லை. கையில் மூலதனம் இல்லை. பின்னால் எந்த ஸ்டூடியோவும் இல்லை.

அவர் மேற்கொண்ட காரியத்தின் விசித்திரத்தைச் சற்று எண்ணிப் பாருங்கள். தண்டி யாத்திரை நடந்து ஏழாண்டுகள் ஆகிவிட்டன. வட்டமேஜை மகாநாடு நடந்து ஆறாண்டுகள். தென்னாப்பிரிக்கச் சத்தியாக்கிரகமோ முடிந்து இருபது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. நடந்து முடிந்தவற்றை எந்தக் காமிராவாலும் மறுபடி எடுக்க இயலாது. வேடம் போட்டு நடிக்கச் செய்வது செட்டியாருடைய நோக்கத்துக்கே விரோதம். ஆகவே, அந்தச் சம்பவங்கள் நிகழ்ந்த காலத்தில், நிகழ்ந்த இடத்தில், எவனாவது ஒருவன் காமிராவோடு நின்றிருக்க வேண்டும் என்று நம்புவதும், அவனைத் தேடிப் புறப்படுவதுமே வழி. அவர் புறப்பட்டார். நான்கு கண்டங்களில் சுமார் ஒரு லட்சம் மைல் பிரயாணம் செய்து, முப்பது ஆண்டுகளில் நூற்றுக்கு மேற்பட்ட படப்பிடிப்பாளர்கள் வெவ்வேறு தேசங்களில் எடுத்திருந்த படச்சுருள்களில் ஏறத்தாழ 50,000 அடியைச் சேகரித்தார். அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து படமாக்கினார். பேசும்படம் நிமிஷத்துக்கு 90 அடி வீதம் ஓடும். எனவே சேகரித்தது ஒன்பது மணி நேரத்துக்கு மேல், காட்டியது இரண்டே கால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. மீதியைக் கழிக்க அவருக்கு எப்படி மனம் வந்திருக்கும் என்று நான் பலமுறை வியந்திருக்கிறேன்.

இத்தகைய தேடலில் முதல் வேலை காகிதத்தில் நடைபெறுவது. காந்தியடிகள் எந்தத் தேதியில் எந்த ஊரில் இருந்தார் என்பதையும், அந்தத் தேதியில் அந்த ஊரில் எந்தச் செய்திப்படக் கம்பெனியின் ஆள் இருந்திருக்கக் கூடும் என்பதையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிவைத்துக்கொள்ள வேண்டும். 1931-ஆம் ஆண்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஏப்ரல் மாதம் குஜராத்தில் போர்ஸத் என்னும் ஊரில் அமெரிக்க ஃபாக்ஸ் மூவிடோன் கம்பெனியார் அவரைப் பேட்டி கண்டு ஒலியோடு படம் பிடித்தார்கள். செப்டம்பரில் அவர் லண்டனில் இறங்குகிறார். அம்மாதமே லங்காஷயரில் டார்வென் என்ற ஊருக்குச் சென்று, அந்நியத் துணி பகிஷ்காரத்தால் வேலையிழந்த நெசவாலைத் தொழிலாளர்களைச் சந்திக்கிறார். டிசம்பரில் பாரிஸ், பிறகு ஸ்விட்ஸர்லாந்தில் ரோமெயின் ரோலந்தின் இல்லம், பிறகு ரோமாபுரி. இத்தனை இடங்களிலும் பாத்தே, கோமான், மூவிடோன், பாரமவுண்ட் என்று ஏதாவது ஒரு கம்பெனியின் முக்காலி நின்றிருக்கும். ஆனால் அவர்களுடைய கிடங்குக்குப் போய், 'காந்தி' என்று எழுதிய அட்டையைக் கொடு என்று கேட்டால் கால்வாசிகூடக் கைக்கு வராது. டார்வென் காட்சி 'பருத்தித் தொழில்' என்ற தலைப்பின்கீழ் இருக்கும். சார்லி சாப்ளினைச் சந்தித்த காட்சி சாப்ளின் பெயரில் இருக்கும். கலவரம், பிரமுகர், விசித்திர உடை என்ற தலைப்புகளின்கீழும் தேட வேண்டியிருக்கும். எடுத்தவனுக்கு எது செய்தியாகத் தோன்றிற்றோ அதுவே அட்டையில் ஏறும். நூறாண்டு கழித்து எது சரித்திரம் ஆகும் என்பது அவனுக்கு எப்படித் தெரியும்? ஆதலால் தேடுகிறவன் அந்தக் காலத்துக் குமாஸ்தாவின் மனத்துக்குள் புகுந்து பார்க்கப் பழக வேண்டும்.

இந்தியாவுக்குள் நிலைமை இன்னும் கஷ்டமானது. 1930-இல் தண்டி யாத்திரையைப் பம்பாய்க் கம்பெனிகள் சில படம் பிடித்தன. சர்க்கார் அவற்றைத் தடை செய்தது. தடை செய்யப்பட்ட படத்தை எவன் தைரியமாக வைத்திருப்பான்? வைத்திருந்தாலும், முன்பின் அறியாத ஓர் இளைஞன் வந்து கதவைத் தட்டினால், இருக்கிறது என்று எவன் ஒப்புக்கொள்வான்? பணம் செல்லாத அந்த இடத்தில் செல்லக்கூடிய நாணயம் நம்பிக்கை ஒன்றுதான். செட்டியார் தம் எழுத்தில் தம்மை முன்னிறுத்தாதவர். சிறு சிறு வாக்கியங்களில் அடக்கமாக எழுதுகிறவர். அந்தச் சுபாவமே பல பூட்டுகளைத் திறந்திருக்க வேண்டும் என்பது என் அபிப்பிராயம். இந்தப் படத்தின் ஆக்கத்தில் அவருக்குத் துணைநின்ற டாக்டர் பி. வி. பதி, பாரிஸில் படித்து வந்து செய்திப்படங்கள் எடுத்தவர். அவரும் நம்மவர் என்பதைத் தமிழர் பெரும்பாலும் மறந்துவிட்டனர்.

இடையே ஒரு வேடிக்கையையும் சொல்ல வேண்டும். உலகத்திலேயே மிக அதிகமாகப் படம் பிடிக்கப்பட்டவர்களுள் ஒருவரான அந்த மகானுக்குச் சினிமாவின்மேல் துளிகூட மதிப்பு இருக்கவில்லை. 1927-இல் அமைந்த இந்தியச் சினிமா விசாரணைக் கமிட்டிக்கு அவர் அனுப்பிய பதிலில், தாம் சினிமாவுக்குப் போனதே இல்லை என்றும், அதனால் விளையும் தீமை கண்கூடு என்றும் எழுதினார். பிற்காலத்தில் தம் குடும்பத்து இளைஞரான கனு காந்தி தம்மைப் படம் எடுக்க இசைந்தபோதுகூட, பளிச்சென்ற செயற்கை வெளிச்சம் கூடாது, நிற்கச் சொல்லவோ திரும்பச் சொல்லவோ கூடாது, ஆசிரமத்துப் பணம் ஒரு காசும் தர இயலாது என்று நிபந்தனைகள் விதித்தார். காமிராவைச் சட்டை செய்யாமல் தம் காரியத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பதனாலேயே அவருடைய பழைய காட்சிகளில் இத்தனை ஜீவன் இருக்கிறது. இன்றைய பிரமுகர்களைப் படம் பிடித்து வைத்திருப்பவற்றில் பாதிக்கு மேல், ஐம்பது ஆண்டு கழித்து எவருக்கும் பயன்படாது.

துண்டு கிடைத்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். அது மெய்யா என்று அறிவது எப்படி? டப்பாவின்மேல் எழுதியிருப்பதை நம்புவதைப்போல் ஆபத்தானது வேறொன்றும் இல்லை. ஒரு டப்பாவின் மூடி இன்னொரு டப்பாவுக்கு மாறியிருக்கும். 1922 என்பது 1932 என்று படிக்கப்பட்டிருக்கும். நான் முதலில் பார்ப்பது காட்சியை அன்று; படச்சுருளின் ஓரத்தை. கோடக் கம்பெனியார் தங்கள் சுருள்களின் ஓரத்தில், அவை உற்பத்தியான ஆண்டைக் குறிக்க வட்டம், சதுரம், முக்கோணம் என்று சிறு சின்னங்களைப் பொறித்து வந்தார்கள். வட்டம் என்றால் 1916, சதுரம் என்றால் 1917, முக்கோணம் என்றால் 1918. இருபது ஆண்டு கழித்து அதே வரிசை திரும்பி வரும். ஆகவே ஓரத்தில் ஒரு முக்கோணம் இருந்து, 1930-இல் எடுத்தது என்று ஒருவர் சாதித்தாரானால், நீங்கள் புன்னகை செய்துவிட்டு வெளியே வந்துவிடலாம். அது 1938-இல் போட்ட பிரதியாக இருக்கலாமே ஒழிய மூலமாக இருக்க முடியாது.

காந்தியடிகளைப் பொறுத்தவரையில் இதைவிட எளிய அளவுகோல் ஒன்று நம் தமிழ்நாட்டிலேயே இருக்கிறது. 1921 செப்டம்பர் 22-ஆம் தேதி, மதுரை மேலமாசி வீதியில் தங்கியிருந்தபோது, அவர் சட்டையையும் குல்லாயையும் நீக்கி முழங்கால் அளவு வேட்டிக்கு மாறினார். எனவே, இந்திய மண்ணில் சட்டையோடு அவர் நடமாடும் காட்சி ஒன்று வந்தால், அது அந்த நாளுக்கு முற்பட்டது என்று மறு யோசனை இல்லாமல் எழுதிவிடலாம். காத்தியவாரி முண்டாசு என்றால் அதற்கும் முந்தியது. மதுரையில் ஒருவர் உடை மாற்றியது, லண்டன் கிடங்கில் ஒரு சுருளின் தேதியைத் தீர்மானிக்கிறது என்பது எனக்கு இன்றும் சலிக்காத ஆச்சரியம்.

மௌனப்படக் காலத்துச் சுருள்களில் இன்னொரு சங்கடம் உண்டு. அவை பெரும்பாலும் விநாடிக்குப் பதினாறு சட்டம் (ஃபிரேம்) என்ற கணக்கில் கையால் சுழற்றி எடுக்கப்பட்டவை; பேசும்பட இயந்திரமோ இருபத்துநான்கு சட்டம் ஓட்டும். ஆகையால் பழைய மனிதர்கள் எல்லோரும் திரையில் பொம்மைகளைப்போல் துள்ளி ஓடுவார்கள். இதைச் சரிசெய்ய, இரண்டு சட்டத்துக்கு ஒன்றை இருமுறை அச்சிட்டு நீட்டுவது வழக்கம். இந்தப் பிரயாசையை எடுக்காதவர்கள் செய்த அலட்சியத்தால், காந்தியடிகள் தண்டிக்கு ஓட்டமாக ஓடினார் என்று இரண்டு தலைமுறை நினைத்துக்கொண்டிருந்தது. அறுபது வயதில் அவர் வேகமாகத்தான் நடந்தார். அவ்வளவு வேகமாக அல்ல.

விலையையும் உரிமையையும் பற்றி அதிகம் சொல்லி உங்களைச் சோர்வுறச் செய்யமாட்டேன். அக்காலத்தில் அடிக்கு இவ்வளவு என்று கேட்டார்கள். இக்காலத்தில் விநாடிக்கு இவ்வளவு என்கிறார்கள். நம் நாட்டுச் சட்டப்படி ஒரு சினிமாப் படத்தின் உரிமை, அது வெளியான ஆண்டு முடிந்து அறுபது ஆண்டுகள் நீடிக்கும். அதன்பின் அது பொதுச்சொத்து. ஆயினும் அனுபவத்தில் கண்டது யாதெனில், உரிமை உள்ளவரிடம் சுருள் இராது, சுருள் உள்ளவரிடம் உரிமை இராது. இருவரையும் ஒரு மேஜைக்கு முன் உட்காரவைப்பதற்குள் படம் வெளியாகிப் பெட்டிக்குள் போய்விடும்.

எனினும் தேடுதலினால் விளையும் நன்மை ஒன்று உண்டு. இன்று நான் சொல்ல வந்ததே அதுதான். கிடங்கில் உறங்கும் சுருளை எவரும் கேட்காவிட்டால், அது இருந்த இடத்திலேயே அழியும். 1950-ஐ ஒட்டிய காலம்வரை வழங்கிய நைட்ரேட் சுருள், பற்றினால் தண்ணீராலும் அணைக்க முடியாத சரக்கு. தீப்பற்றாவிட்டாலும் தானே பிசுபிசுத்துப் பொடியாகிவிடும். ஒருவன் வந்து கேட்கிறபோதுதான் டப்பா திறக்கப்படுகிறது, டூப் நெகடிவ் எடுக்கப்படுகிறது, ஒன்றாக இருந்தது இரண்டாகிறது. ருஷ்யாவில் எஸ்ஃபிர் ஷூப் என்ற அம்மையார், ஜார் மன்னரின் அரண்மனைப் படப்பிடிப்பாளர்கள் எடுத்த சுருள்களை ஈரக் கசிவுள்ள நிலவறைகளில் கண்டெடுத்துத் துடைத்து, 1927-இல் 'ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்ற படமாகத் தொகுத்தார். அவர் கேட்டிராவிட்டால் அவை அந்த நிலவறையிலேயே ஊறிப் போயிருக்கும். திரைப்படத்தைச் சரித்திர ஆதாரமாகப் பாதுகாக்க வேண்டும் என்று போலந்துக்காரரான மாத்துஷெவ்ஸ்கி 1898-லேயே பாரிஸில் நூல் எழுதி வற்புறுத்தினார். சினிமா பிறந்து மூன்றாண்டுகள்கூட நிறையாத சமயம் அது. நம் தேசத்தில் அதற்கென்று தேசியத் திரைப்படக் காப்பகம் புனாவில் ஏற்பட்டது 1964-இல். அதற்குள், ஆயிரத்து முந்நூறுக்கு மேற்பட்டவை என்று கணக்கிடப்படும் நம் மௌனப்படங்களில் மிகப் பெரும்பாலானவை போய்விட்டன.

செட்டியாருடைய படத்துக்கு நேர்ந்த கதியைக் கேளுங்கள். 1940 ஆகஸ்ட் 23-ஆம் தேதி, புரசைவாக்கம் ராக்ஸி தியேட்டரில் அது தமிழ் விளக்கவுரையோடு வெளியாயிற்று. ஸ்ரீமதி டி. கே. பட்டம்மாள் அதில் பாடியிருந்தார். தெலுங்கிலும் வந்தது. யுத்த காலம், சர்க்காரின் கண் எங்கும் இருந்த காலம், படம் அதிக நாள் வெளியில் நடமாட இயலவில்லை. விடுதலை வந்தபோது டில்லியில் இந்தி விளக்கவுரையோடு காட்டினார்கள். 1953-இல் அமெரிக்காவில், சுருக்கிய வடிவத்தில், ஆங்கிலத்தில் வெளிவந்தது. பிறகு மெல்ல மெல்ல அது எவர் கண்ணிலும் படாமற்போயிற்று. ஒரு லட்சம் மைல் சுற்றி உலகத்தின் கிடங்குகளிலிருந்து மகாத்மாவை மீட்டு வந்த மனிதரின் படமே தேடப்படும் பொருளாகிவிட்டது! செட்டியார் 1983-இல் காலமானார். அந்தத் தேடலைப் பற்றி அவர் எழுதியவற்றைச் சரித்திர ஆராய்ச்சியாளரான ஆ. இரா. வேங்கடாசலபதி 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாகப் பதிப்பித்தார். பின்னர் ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்றையும் ஸான் ஃபிரான்ஸிஸ்கோவில் ஒரு பல்கலைக்கழகத்தில் கண்டறிந்தார். ராக்ஸியில் ஓடிய தமிழ்ப் பிரதி இன்றுவரை அகப்படவில்லை. சென்னையில் வெளியிட்ட படத்தின் எச்சத்தைத் தேடிக் கடல் கடந்து போக வேண்டியிருந்ததை எண்ணி நாம் வெட்கப்படுவதில் பிழையில்லை.

உங்கள் ஊரையே எடுத்துக்கொள்வோம். 1967-ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தலில் கலைஞர் மு. கருணாநிதி இந்தச் சைதாப்பேட்டைத் தொகுதியில் நின்று வென்றார். அந்நாளையச் சைதாப்பேட்டையின் தெருக்களையும் மறைமலையடிகள் பாலத்தையும் அசையும் படமாகக் காட்ட விரும்பும் ஒருவர் எங்கே போவார்? ஃபிலிம்ஸ் டிவிஷனின் செய்திப்படத் தொகுப்புகளைப் பார்க்கலாம். கட்சிக்காரர் எவரேனும் எடுத்திருப்பார்களா என்று விசாரிக்கலாம். இந்தப் பகுதியின் வீதிகளில் கோடம்பாக்கத்துக் கம்பெனிகள் வெளிப்புறப் படப்பிடிப்பு நடத்திய பழைய கதைப்படங்களில், கதாநாயகனுக்குப் பின்னால் தெரியும் கடைகளையும் பஸ்களையும் துழாவலாம். இந்த மூன்றாவது வழியைப் பலர் மறந்துவிடுகிறார்கள். பழைய சென்னையின் மிகச் சிறந்த செய்திப்படம், காதல் காட்சிகளின் பின்னணியில் ஒளிந்துகொண்டிருக்கிறது. ஆனால் டிஜிட்டல் வந்து படச்சுருள் கழுவும் லாப்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டபோது, நெகடிவ்களை எடுத்துச் செல்ல வராத தயாரிப்பாளர்கள் எத்தனையோ பேர். வீடுகளில் இருந்தவையோ, 2015 டிசம்பரில் அடையாறு கரைபுரண்டு இந்தத் தெருக்களுக்குள் புகுந்தபோது, ஆல்பங்களோடும் கல்யாண வீடியோக்களோடும் சேர்ந்து சேறாயின. சில விஷயங்களுக்குத் தேடியும் பயனில்லை. பாரதியார் 1921-இல் மறைந்தார். கிடைத்திருப்பவை ஐந்து புகைப்படங்கள். அவர் நடந்துபோவதை நாம் ஒருபோதும் காண முடியாது. 1946-இல் செய்திப்பட இலாகாவைச் சர்க்கார் மூடிவிட்ட காரணத்தால், 1947 ஆகஸ்ட் 15-இல் நம் தேசத்துக்குச் சொந்தமான உத்தியோகபூர்வமான செய்திப்படக் குழுவே இருக்கவில்லை. தனிமனிதர் சிலர் தம் செலவில் எடுத்ததும் அந்நியக் கம்பெனிகள் எடுத்ததுமே நமக்கு இன்று ஆதாரம்.

கடைசியாக, இங்கே வந்திருக்கும் பெரியவர்களுக்கு ஒரு விண்ணப்பம். உங்கள் வீட்டுப் பரணில் தகர டப்பா ஒன்று இருக்குமாயின், அது எட்டு மில்லிமீட்டரோ பதினாறோ முப்பத்தைந்தோ, பழைய இரும்புக்காரரிடம் போடுவதற்கு முன் திறந்து முகர்ந்து பாருங்கள். புளித்த காடியின் நெடி அடித்தால் அது அஸிடேட் சுருள், அழியத் தொடங்கியிருக்கிறது என்று பொருள். இன்னும் சில காலம் இருக்கிறது, உடனே பிரதி எடுத்துவிடலாம். சுருள் பழுப்பேறிப் பிசுபிசுத்தோ பொடியாகவோ இருந்தால் நைட்ரேட்டாக இருக்கக்கூடும். அதை வெயிலிலும் வைக்க வேண்டாம், அடுப்பறைப் பக்கமும் கொண்டுபோக வேண்டாம், பழைய புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்கும் ஆசையையும் விட்டுவிடுங்கள். சுருளைப் பிரித்துத் துணியால் துடைக்கவும் வேண்டாம். டப்பாவின்மேல் மங்கிய மையில் எழுதி ஒட்டியிருக்கும் காகிதத்தை மட்டும், அழுக்கு என்று கிழித்துவிடாதீர்கள். அதில் இருப்பதை நாங்கள் நம்பமாட்டோம் என்றாலும், எங்கிருந்து விசாரிக்கத் தொடங்க வேண்டும் என்பதை அதுதான் எங்களுக்குச் சொல்லும்.